பியூஸ் பிடுங்கிய வழக்கு

சந்தனமாரி அக்கா கொண்டுபோன மின் கட்டணத்தை மின்வாரிய ஆபீசில் ரொக்கமாக வாங்க மறுத்து, அவருடைய மாவு மில்லின் இணைப்பையும் துண்டித்துவிட்டார்கள். மில் ஓடினால்தான் அவர் வீட்டில் சோறு. நுகர்வோர் நீதிமன்றத்தில் அவருக்கு வக்கீல் நான்.

"இனி பணம் கட்டுவதெல்லாம் போன் வழியாகத்தான். யாரும் ஆபீசுக்கு வரக்கூடாது," என்றார் மின் அதிகாரி மிடுக்காக.

நான் சட்டப்புத்தகத்தைப் புரட்டுவதற்குள் அக்கா கேட்டார்: "ஏன் சார், என் கரண்டையும் போன் வழியாத்தான் நிறுத்தினீங்களா?"

"அதெப்படிம்மா முடியும்? ஆள் வந்துதான் பியூஸைப் பிடுங்கினார்."

"பிடுங்குறதுக்கு உங்க ஆளு என் மில்லுக்கு வரலாம். கட்டுறதுக்கு நான் உங்க ஆபீசுக்கு வரக்கூடாதோ?"

நீதிபதியே சிரித்துவிட்டார். ரொக்கத்தை வாங்கிக்கொண்டு அன்றே இணைப்பு கொடுக்க உத்தரவானது. நான் பேச வேண்டிய வழக்கை அக்காவே ஜெயித்துவிட்டதில் எனக்குப் பொறாமை.

வெளியே நாலு பேர் அக்காவைச் சூழ்ந்துகொண்டு தங்கள் வழக்கைச் சொன்னார்கள். "வக்கீல் தம்பிகிட்ட சொல்லுங்க," என்றார் அக்கா. ஒருவர்கூட என் பக்கம் திரும்பவில்லை.