குறட்டைக்குக் கிடைத்த சொத்து

மூங்கில் காட்டில் தையல்நாயகி என்றொரு முள்ளம்பன்றி இருந்தாள். அவளுக்குப் பக்கத்து வளையில் ஒரு கிழ எறும்புத்தின்னி. அந்தி சாய்ந்தால் போதும், தன் வாலிபப் பிரதாபங்களை அவிழ்த்துவிடுவார். மற்ற விலங்குகள் ஓடிவிடும். தையல்நாயகி மட்டும் போய் உட்காருவாள்.

கிழவர் இறந்ததும் அவருடைய பழைய நண்பர் ஆமையார் எல்லாரையும் கூட்டினார். "அவருடைய வளையும் கிழங்குக் கொல்லையும் தையல்நாயகிக்குத்தான்! என்னிடம் சொல்லிவிட்டுத்தான் கண்ணை மூடினார்."

தையல்நாயகிக்குத் தலைகால் புரியவில்லை.

மறுநாளே நரி வந்தது. "அவர் கதை சொன்னபோது நீ தூங்கினாய்! புதரிலிருந்து பார்த்தேன். கதை கேட்டதற்குத்தானே உனக்கு வளை கிடைத்தது? ஊருக்குத் தெரிந்தால் பறிபோகும். கிழங்கில் பாதி எனக்கு!"

சொன்னது உண்மை. கிழவர் வாயைத் திறந்தாலே அவளுக்குக் கண் சொக்கிவிடும். பயந்துபோய்க் கொடுத்தாள். பாதி, முக்கால் ஆயிற்று. நரி கொழுத்தது, அவள் இளைத்தாள்.

'அடி கெட்டிக்காரி! தூங்கியே வளை சம்பாதித்தாய். இப்போது சொந்த வளையில் தூக்கமில்லை. உடம்பெல்லாம் ஊசி, ஒரு நரியைக் கண்டு நடுங்குகிறாய்!' நினைக்க நினைக்க அவளுக்கே சிரிப்பு வந்தது.

"இனி மொத்தமும் வேண்டும்!" என்றது நரி.

"தர மாட்டேன். வளை போனால் போகட்டும், போய்ச் சொல்!" என்றாள் தையல்நாயகி. "அரைகுறையாகச் சொல்லாதே. குறட்டை விட்டதையும் சொல். ஒருநாள் தூக்கத்தில் அவர்மேலேயே சாய்ந்தேன். உடம்பெல்லாம் செதில் இருந்ததால் என் முள் குத்தாமல் கிழவர் பிழைத்தார். அதையும் சேர்த்துக்கொள்!"

நரி காடெல்லாம் கூவியது. விலங்குகள் கூடின.

"ஆமாம்," என்றாள் அவள். "ஒரு கதைக்குக்கூட எனக்கு முடிவு தெரியாது."

ஆமையார் சிரித்தார். "அது அவருக்குத் தெரியாதா, அம்மா? 'எல்லாரும் ஓடுகிறார்கள். இவள் என்னை நம்பிப் பக்கத்தில் தூங்குகிறாள். எழுப்ப மனம் வராமல் கதையை மெதுவாகச் சொல்கிறேன்' என்பார்."

அதுவரை சிரித்துக்கொண்டிருந்த தையல்நாயகிக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. கண்ணைத் துடைத்துக்கொண்டு நரியின் பக்கம் திரும்பி, முட்களைச் சிலிர்த்தாள். நரி எடுத்த ஓட்டத்தில் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

தன் அசட்டுத்தனத்தைத் தானே சொல்லிச் சிரிக்கத் துணிந்தவரை யாராலும் மிரட்ட முடியாது.