செம்பில் விழாத புளியங்கொட்டை

அந்த மடத்தில் ஒரு வழக்கம் உண்டு. ஊரில் ஏதாவது தகராறு என்று வந்தால், விசாரிக்க இரண்டு சீடர்கள் போவார்கள். சேர்ந்து போகக் கூடாது. திரும்பி வந்து தங்களுக்குள் பேசிக்கொள்ளவும் கூடாது. அவரவர் பார்த்ததை அவரவர் குருவிடம் சொல்ல வேண்டும். தீர்ப்பைக் குரு வேலாம்பாள் சொல்வார்.

விடங்கருக்கு இந்த வழக்கம் தொண்டையில் சிக்கிய முள். குருவைவிட வயதில் மூத்தவர் அவர். மடத்துக்கு வருமுன் நாட்டாமையாக இருந்தவர். எதிராளி வாயைத் திறக்குமுன்பே தீர்ப்புச் சொல்லிப் பழகிய நாக்கு. விசாரிக்கப் போகும் இன்னொரு சீடன் மாதலிங்கத்துக்கும் அவருக்கும் ஏழாம் பொருத்தம்.

இந்த முறை கிணற்றுத் தகராறு. குயிலம்மாள் என்கிற கைம்பெண் தண்ணீர் இறைத்துவந்த கிணற்றை, அவள் கொழுந்தன் முள் வெட்டிப் போட்டு அடைத்துவிட்டான். காலையில் தீர்ப்பு.

விடங்கர் மூட்டையைக் கட்டிக்கொண்டே குருவிடம் வந்தார்.

"அம்மா, கிணத்துல பாறை தெரியுது. ரெண்டு வீட்டுக்குத் தண்ணி காணாது. கொழுந்தன் அடைச்சது நியாயந்தான். என் ரெண்டு கண்ணால பார்த்தேன். மாதலிங்கம் என்னடான்னா, அந்தப் பொம்பளையோட கத்தரித் தோட்டம் கருகுதுன்னு உங்ககிட்ட வந்து கண்ணைக் கசக்கினான், வாசல்ல நின்ன என் காதுல விழுந்துது. அவன் இருக்கட்டும், இல்ல நான் இருக்கேன்."

வேலாம்பாள் மூட்டையைப் பார்த்தார். சிரிப்பை அடக்கிக்கொண்டார். பக்கத்திலிருந்த வாய் குறுகிய செம்பை எடுத்து, விடங்கரின் கண்ணுக்கு நேராக அந்தரத்தில் நீட்டிப் பிடித்தார்.

"போறதுக்கு முன்னால ஒரு சின்ன வேலை. ஒரு கண்ணை மூடிக்கிட்டு, இந்தப் புளியங்கொட்டையை மேலேயிருந்து இதுக்குள்ள போடுங்க."

இதென்ன பிரமாதம் என்று விடங்கர் போட்டார். கொட்டை செம்புக்கு முன்னால் விழுந்தது. இன்னொன்றைப் போட்டார். அது செம்பைத் தாண்டி விழுந்தது. நாட்டாமைக்குக் காது சிவந்துவிட்டது.

"இப்ப ரெண்டு கண்ணையும் திறந்து போடுங்க."

கொட்டை 'டங்'கென்று உள்ளே விழுந்தது.

"செம்புக்குப் பின்னால தூண் இருக்கே, இடது கண்ணை மூடிப் பாருங்க. தூண் எங்க?"

"செம்புக்கு வலது பக்கம்."

"வலது கண்ணை மூடினா?"

"இடது பக்கம் போயிடுச்சு."

"எந்தக் கண்ணு பொய் சொல்லுது?"

விடங்கர் மாற்றி மாற்றி மூடிப் பார்த்தார். நெடுநேரம் பார்த்தார்.

"ரெண்டும் பொய் சொல்லலம்மா. அதது இருக்கிற இடத்துலேர்ந்து பார்க்குது."

"ஒத்துப்போகாத அந்த ரெண்டையும் வச்சுத்தானே கொட்டையை உள்ள போட்டீங்க?"

விடங்கருக்கு வெட்கமாக இருந்தது. ஆனால் மனம் என்னவோ லேசாகிவிட்டது. மெல்ல மூட்டையின் முடிச்சை அவிழ்த்தார்.

"குயிலம்மாளுக்கு என்ன சொல்லப்போறீங்கம்மா?"

"நீங்க சொல்லித்தான் பாறை இருக்குன்னு தெரிஞ்சுது. மாதலிங்கம் சொல்லித்தான் அவசரம் தெரிஞ்சுது. முள்ளை எடுத்துட்டு, ரெண்டு வீட்டாரும் சேர்ந்து நாளைக்கே பாறையை உடைச்சுக் கிணத்தை ஆழப்படுத்தட்டும்."

விடங்கருக்கு அந்தத் தீர்ப்பு மிகவும் பிடித்துவிட்டது. பிடித்துப்போனால் அவருக்குச் சும்மா இருக்க முடியாது.

"அம்மா, மாதலிங்கம் இருக்கட்டும். நானும் இருக்கேன். ஆனா ஒரு யோசனை. உங்ககிட்ட வர்றதுக்கு முன்னால நாங்க ரெண்டு பேரும் உட்கார்ந்து பேசி, ஒரே பதிலாக் கொண்டுவந்துடுறோம். உங்களுக்கும் குழப்பம் இருக்காது."

வேலாம்பாள் செம்பைக் கவிழ்த்து, உள்ளே கிடந்த கொட்டையை அவர் கையில் போட்டார்.

"ரெண்டு கண்ணையும் ஒரே குழியில வச்சுக்கலாங்கறீங்களா, விடங்கரே?"