வெளியே தொங்கிய தோல்வார்

"கண்ட கண்டவனெல்லாம் சேற்றுக் காலோடு உள்ளே வருகிறான், தளபதி! தேர்தலில் ஜெயித்த அன்றைக்கு என் மனைவியின் கம்பளத்தில் ஒருவன் பன்றிக்குட்டியோடு வந்து நின்றான். பன்றிக்குட்டி! இதற்கா நான் ஜெயித்தேன்?"

வார்னர் பிளேக் வந்ததிலிருந்து இதையேதான் சொல்லிக்கொண்டிருந்தான்.

"குட்டி நல்ல ஜாதியா?" என்று கேட்டார் எலியாஸ் ஹார்டன்.

பிளேக் பல்லைக் கடித்தான். அவனுக்கு ஐம்பது வயது. சட்டம், அரசியல், சபையில் எப்போது எழுந்து எப்போது உட்காருவது என்பது வரை எல்லாம் இந்த மனிதரிடம் கற்றதுதான். பல்லைக் கடிப்பது மட்டும் சொந்தச் சரக்கு.

அமெரிக்கா இன்னும் மேற்கே காட்டை வெட்டிக்கொண்டிருந்த காலம். ஹார்டன் அந்தக் காட்டோரத்தில் பிறந்தவர். தகப்பன் முகம் தெரியாது. அடுப்பு வெளிச்சத்தில் படித்து வக்கீலானார், தளபதியானார், கடைசியில் ஜனாதிபதியாகித் தலைநகரத்துப் பெரிய மாளிகைக்கே போனார். கோபக்காரர்தான், பிடிவாதக்காரர்தான். ஆனால் போர் முடிந்து திரும்பும்போது காயம்பட்ட சிப்பாயைத் தன் குதிரையில் ஏற்றிவிட்டு, வழியெல்லாம் சேற்றில் நடந்து வந்தவர். பதவி முடிந்ததும் பட்டணத்தில் பங்களா கட்டிக்கொண்டு உட்காராமல் தன் பழைய மரவீட்டுக்கே வந்துவிட்டார்.

அந்தப் பக்கத்து வீடுகளுக்குப் பூட்டு கிடையாது. கதவின் உட்புறம் ஒரு மரத்தாழ்ப்பாள். அதில் கட்டிய தோல்வார் ஒரு துளை வழியாக வெளியே தொங்கும். வெளியே நின்று வாரை இழுத்தால் தாழ்ப்பாள் தூக்கிக்கொள்ளும். வாரை உள்ளே இழுத்துவிட்டால் வெளியே இருப்பவனால் திறக்க முடியாது. பட்டப்பகலில் வாரை உள்ளே இழுப்பவனோடு அங்கே யாரும் முகம் கொடுத்துப் பேசமாட்டார்கள்.

"அடுத்த மாதம் பதவியேற்பு. நீங்கள் என் பக்கத்தில் நிற்க வேண்டும், தளபதி. நீங்கள் வராவிட்டால் இந்த மேற்கத்திக்காரர்கள் ஒருத்தரும் என்னை நம்பமாட்டார்கள்."

"மாளிகை வாசலுக்கு என்ன ஏற்பாடு செய்திருக்கிறாய்?"

"காவல் போடப்போகிறேன். வருகிறவன் பதில் சொல்ல வேண்டும். யார் நீ, என்ன வேலை, உன்னை யார் அனுப்பினது? பதில் சரியாக இருந்தால்தான் கதவு திறக்கும்."

"நல்ல கேள்விகள்" என்றார் ஹார்டன்.

பிளேக்குக்கு உச்சி குளிர்ந்தது. வருகிறீர்களா என்று கேட்க வாயெடுத்தான். தாழ்ப்பாள் தூக்கிக்கொண்டது.

பக்கத்துப் பண்ணை ஜெத்ரோ. நேரே அடுப்புக்குப் போய், இடுக்கியால் ஒரு நெருப்புக் கங்கை எடுத்துத் தன் புகைக்குழாயைப் பற்றவைத்தான். பிறகுதான் பிளேக்கைப் பார்த்தான்.

"புதுசு நீங்கதானே? உங்களுக்குத்தான் ஓட்டுப் போட்டேன். தளபதி நல்ல ஆளுன்னு சொன்னாரு."

சொல்லிவிட்டு வசதியாக உட்கார்ந்துகொண்டான். அவன் பின்னாலேயே கம்பளியைப் போர்த்திக்கொண்டு விதவை ஹெப்சிபா வந்தாள்.

"ஹார்டன்! நீ கூட்டிட்டுப் போன சண்டையிலதான் என் மகன் போனான். ஞாபகம் இருக்கா?"

"இருக்கு, ஹெப்சிபா. உட்கார்."

"உட்காரத்தான் வந்தேன். நீ சொல்லணுமா?"

மூச்சு வாங்கும்வரை திட்டினாள். ஹார்டன் ஒரு கிண்ணத்தில் கஞ்சி ஊற்றிக் கொடுத்தார். குடித்தாள். உப்பு இல்லையென்று அதற்கும் திட்டினாள்.

பிளேக் அவர் காதருகே குனிந்தான். "உங்களையே திட்டுகிறாள்!"

"வாராவாரம்."

"விரட்டக் கூடாதா?"

"தலைநகரத்தில் யார் என்னைத் திட்டுகிறார்கள் என்று தெரிந்துகொள்ள ஆள் வைக்க வேண்டியிருந்தது. இவள் தானே நடந்து வந்து சொல்கிறாள்."

"தளபதி, நான் இருட்டுவதற்குள் கிளம்ப வேண்டும். அரைமணி நேரம் இந்தக் கதவைச் சாத்தினால் பேசி முடித்துவிடலாம்."

"உன் இஷ்டம்."

அது போதும் பிளேக்குக்கு. வாரைச் சரக்கென்று உள்ளே இழுத்துப் போட்டான். ஜெத்ரோவின் முகம் செத்துவிட்டது. ஹெப்சிபா கிண்ணத்தைக் கீழே வைத்தாள். இருவரையும் தோளைத் தொட்டு வெளியே நடத்திக்கொண்டு போனான். நாட்டு விஷயம், பெரிய விஷயம், கொஞ்சம் பொறுக்க வேண்டும் என்று படியில் நின்று தோரணையாகச் சொன்னான். உள்ளே இருப்பவர் காதில் விழ வேண்டாமே என்று கதவைத் தனக்குப் பின்னால் சாத்திக்கொண்டுதான் சொன்னான்.

தாழ்ப்பாள் விழுந்தது.

பிளேக் திரும்பினான். துளை இருந்தது, வார் இல்லை. விரலை விட்டுத் துழாவினான். எட்டவில்லை. மழை பிடித்துக்கொண்டது.

கதவைத் தட்டினான்.

"யார் நீ?" உள்ளேயிருந்து ஹார்டனின் குரல்.

"நான்தான், தளபதி. பிளேக்."

"என்ன வேலை?"

"விளையாடாதீர்கள். இங்கே மழை கொட்டுகிறது."

ஹெப்சிபா சத்தமாகவே சிரித்தாள்.

"உன்னை யார் அனுப்பினது?"

பிளேக் வாயைத் திறந்தான். பக்கத்தில் ஜெத்ரோ தொப்பியைக் கழற்றிப் புகைக்குழாய்மேல் கவிழ்த்துக்கொண்டு, தலை நனைய, அவனையே பார்த்துக்கொண்டு நின்றான். பிளேக் வாயை மூடிக்கொண்டான். பல்லைக் கடிக்கவில்லை.

ஹெப்சிபா தன் கம்பளியின் ஒரு பக்கத்தைத் தூக்கிப் பிடித்தாள்.

"பொம்பளை, எனக்கு ஓட்டு கிடையாது. கம்பளி இருக்கு. உள்ள வா."

நாட்டின் ஜனாதிபதியாகப் போகிறவன் குனிந்து கம்பளிக்குள் புகுந்தான். அதில் ஆட்டு வாடை அடித்தது. ஜெத்ரோவுக்கும் இடம்விட்டு நகர்ந்து நின்றுகொண்டு, கதவைப் பார்த்துச் சொன்னான்:

"தளபதி, நாங்கள் மூன்று பேரும் நனைகிறோம். அந்த வாரைக் கொஞ்சம் வெளியே விடுங்களேன்."

துளை வழியாகத் தோல்வார் வெளியே வந்து தொங்கியது.