ஆள்காட்டி சொன்னால் தீ தீதான்

முள்ளிக்காட்டு ஏரி கோடையில் வற்றிவிடும். வற்றியதும் அங்கே மிருகங்கள் கபடி ஆடும். ஆட்டத்தை வர்ணிப்பது கணீரம்மா என்ற ஆள்காட்டிக் குருவி.

என்ன தொண்டை அது! கரையான் புற்றின் மேல் நின்று அவள் "கபடி!" என்றால் மூன்று மலை தாண்டித் தேனடை ஆடும். நம்பாதவர்கள் தேனீக்களிடம் கேட்டுக்கொள்ளலாம்.

முட்டையிலிருந்து வரும்போதே அவள் அழவில்லையாம். "ஓடு விரிகிறது! தலை வெளியே வந்தாச்சு! இதோ ஒரு கால்!" என்று தன் பிறப்பையே வர்ணித்தாளாம்.

அந்தப் புற்றின்மேல் நிற்பதில் அவளுக்குப் பெருமை தாங்காது. காரணம், கிழட்டு யானை. அவருக்கு இரண்டு கண்ணிலும் பூ விழுந்துவிட்டது. கோரைப்புதர் ஓரமாக நின்று, கணீரம்மாவின் வாயால்தான் அவர் ஆட்டம் பார்ப்பார்.

"என் கண்ணு ரெண்டும் அந்தப் புற்று மேலதான் நிக்குது!" என்று எல்லோரிடமும் சொல்வார்.

ஆட்டங்களை நடத்துவது நரி. ஒருநாள் அது கணீரம்மாவிடம் குழைந்து வந்தது.

"அக்கா, நம்ம சிறுத்தை கோபக்காரர். அவர் இடறி விழுந்தா, பாயறதுக்குப் பதுங்கினார்னு சொல்லிடுங்க!"

"விழுந்தா விழுந்தார்னுதான்டா சொல்வேன். பெரியவர் அங்கே என்னை நம்பிக் காதை விரிச்சுக்கிட்டு நிக்கிறார்!"

அன்றைக்கென்று பார்த்துச் சிறுத்தை கபடி, கபடி என்று எதிரணிக்குள் பாடிப் போனது. முயல் ஒன்று காலைப் பிடித்தது. கணீரம்மா விடுவாளா?

"சிறுத்தை இடறினார்! மூக்கு மண்ணிலே! மீசையெல்லாம் புழுதி! அவுட்!"

காடே சிரித்தது. சிறுத்தை உறுமியது. மறுநாள் நரி புற்றின் மேல் பச்சைக்கிளியை ஏற்றிவிட்டது.

"நீங்க போய் ஓய்வெடுங்க, அக்கா! இனிமே தங்கச்சி பார்த்துக்கும்."

கணீரம்மா இறக்கையைச் சிலுப்பிக்கொண்டு, ஏரியின் மறுகோடிக்குப் போய் உட்கார்ந்தாள்.

கிளியின் வர்ணனை தேனாக ஒழுகியது. சிறுத்தை கொட்டாவி விட்டால் "இடி இடித்தது!" கால் எடுத்து வைத்தால் "தீப் பறக்கிறது! ஏரியே பற்றி எரிகிறது!" கூட்டம் கைதட்டியது. யானை மட்டும் முகம் சுளித்தார்.

"தினமும் ஏரியைக் கொளுத்துதே இந்தப் பிள்ளை! யாரு அவுட்டுன்னு ஒரு தடவை சொல்லக் கூடாதா?"

ஒருநாள் ஆட்டம் மும்முரமாக நடந்தது. அப்போது காய்ந்த கோரையில் நிஜமாகவே தீப் பிடித்தது. முதலில் பார்த்தது கிளிதான்.

"தீ! தீப் பறக்கிறது! பற்றி எரிகிறது!"

"ஆகா! சிறுத்தை பாடிப் போறார்டா!" என்று கூட்டம் கைதட்டியது. கிளி தொண்டை கிழியக் கத்திவிட்டுப் பறந்தே போய்விட்டது. அனல் முதுகில் பட்ட பிறகுதான் மிருகங்கள் திரும்பிப் பார்த்து, விழுந்தடித்து ஓடின.

யானை மட்டும் நின்ற இடத்திலேயே நின்றார். புகையைக் காற்று மேலே அள்ளிக்கொண்டு போனது; அவர் மூக்கில் அது படவில்லை. ஓட்டமும் கூச்சலும் அவருக்குத் தினமும் கேட்கிற ஆரவாரமாகவே பட்டன. தீயோ அவருக்குப் பின்னால் வந்துகொண்டிருந்தது.

கணீரம்மா அம்பாகப் பறந்து வந்து புற்றின் மேல் நின்றாள். புற்றைச் சுற்றிப் பொறி விழுந்தது. அவள் குரல் நடுங்கவே இல்லை.

"பெரியவரே, கணீரம்மா பேசறேன்! உங்க பின்னால கோரையில தீ! நிஜத் தீ!"

யானை ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை. சட்டென்று கால் எடுத்து வைத்தார்.

"யானை பாடிப் புறப்பட்டார்! நேரே வாங்க! இடப்பக்கம் தரையில வெடிப்பு, வலப்பக்கம் ஒதுங்குங்க! ஒதுங்கினார்! தீ வாலைப் பிடிக்க வருது! வாலைச் சுருட்டினார்! முன்னால சேத்துக் குட்டை, அதுதான் கோடு! இன்னும் ஒரு எட்டு... தொட்டாச்சு! யானை கோட்டைத் தொட்டாச்சு!"

தொப்பென்று சேற்றில் விழுந்த யானை, "கபடி, கபடி!" என்று மூச்சிரைத்தார். அந்தச் சேறு தெறித்தே பாதித் தீ அணைந்தது என்பார்கள். மீதித் தீ ஈர மண்ணைக் கண்டு தானே படுத்துவிட்டது.

நரி ஓடி வந்தது. "கிளி முதல்லயே சொல்லுச்சே பெரியவரே, ஏன் நகரலை?"

"அது தினமும் பத்துத் தடவை தீ வைக்கும். இவ இத்தனை வருஷத்துல ஒரு பொறியைக்கூடச் சும்மா பறக்கவிட்டதில்லை!"

சிறுத்தை தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு வந்தது.

"அக்கா, புற்று உங்களுக்குத்தான். அன்னைக்கு நான் இடறினது நிஜம்."

"நாளைக்கும் இடறினா சொல்வேன், தம்பி!"

"சொல்லுங்க அக்கா. அந்த மீசையை மட்டும் விட்டுடுங்க!"

கணீரம்மா நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு, கரி படிந்த புற்றின் மேல் ஏறி நின்றாள். மூன்று மலை தாண்டித் தேனடை ஆடியது.

பொறியைப் பொறி என்றே சொல்லிப் பழகிய வாய் "தீ" என்றால்தான் கேட்கிறவர் கால் நகரும்.