பரிசோதகர் முன்னால் ஒரு சுற்று

மெக்கானிக் பொன்னரங்கத்துக்கு முதலில் துரோகம் செய்தவர் அவருடைய முதலாளி கனகசபாபதி. கோவை வட்டார கார் பந்தயத்தின் மூன்றாவது போட்டியில் பிரேக் பிடிக்காமல் கார் சுவரில் மோதி, ஓட்டுநர் ஞானசிகாமணியின் கால் போயிற்று. தேய்ந்த பிரேக் பேடை மாற்றச் சொல்லிக் கெஞ்சியவர் பொன்னரங்கம். முதலாளியோ, "ரெண்டு காருக்கும் புதுசுதான் வாங்கிக் கொடுத்தேன். இவன்தான் ஒழுங்கா மாட்டலை" என்று ஊரெல்லாம் சொல்லிவிட்டார்.

கடைசிப் போட்டிக்கு மிச்சமிருந்த காரிலும் அதே தேய்ந்த பேடுதான்.

"போட்டிக்கு முன்னாடி காரைப் பார்க்க வர்ற பரிசோதகர் இதைப் புதுசுன்னு நம்பணும். இல்லேன்னா எந்தப் பட்டறையிலும் உனக்கு வேலை இருக்காது" என்றார் முதலாளி.

"ஆகட்டுங்க" என்றார் பொன்னரங்கம்.

பரிசோதகர் வந்ததும் பொன்னரங்கம் பணிவாக ஹெல்மெட்டை முதலாளியிடம் நீட்டினார். "புது பேடு போட்ட காருங்க ஐயா. எங்க மொதலாளி பழைய சாம்பியன். அவரே வேகமா ஒரு சுற்று ஓட்டிக் காட்டுவாருங்க."

கூட்டம் கைதட்டியது. காரில் ஏறிய முதலாளிக்கு வேர்த்துக் கொட்டியது. உடனே இறங்கிவிட்டார்.

"ஏய்யா, என்னைச் சாகச் சொல்றியா? இதுல பேடு தேஞ்சு கிடக்குன்னு உனக்குத் தெரியாதா?"

பரிசோதகர் சக்கரத்தைக் கழற்றிப் பார்த்தார். அந்த ஆண்டுப் பந்தயத்திலிருந்தே கனகசபாபதியை விலக்கினார்.

ஆனால் ஞானசிகாமணியின் மனைவி இன்றும் பொன்னரங்கத்தைக் கண்டால் கதவைச் சாத்துகிறாள். அவள் வாசலில் நின்று உண்மையைச் சொல்லவேண்டிய கனகசபாபதி இதுவரை அந்தத் தெருப் பக்கமே போகவில்லை.