பூசணிக்கோட்டை செய்துகொண்ட படை உடன்படிக்கை

பூசணிக்கோட்டை ராஜா மணிமுடிராயருக்குப் படைவீரர்கள் பதினேழு பேர். அத்தனை பேர் மூளையையும் ஒன்றாகத் திரட்டினாலும் ஒரு கடுகளவு தேறாது. ஆனால் தங்கமான மனிதர்கள். சொன்னதைச் சொன்னபடி செய்வார்கள். வம்பே அதில்தான்.

வெள்ளிக்கிழமை வந்து கோட்டையைப் பிடிக்கப்போவதாகக் கருங்கல்மேட்டு ராஜா ஓலை அனுப்பினான். மணிமுடிராயர், யானைப்படை வைத்திருந்த செம்மண்கோட்டை ராஜாவோடு அவசரமாக உடன்படிக்கை செய்துகொண்டார். 'எங்களில் ஒருவர்மேல் விழும் அடி, இருவர்மேலும் விழுந்த அடி' என்று எழுதி இருவரும் முத்திரை வைத்தார்கள்.

புதன்கிழமை செம்மண்கோட்டைத் தூதர் மூச்சிரைக்க ஓடிவந்தார். "கருங்கல்மேட்டான் எங்க ராஜாவோட இடது தொடையில அம்பு விட்டுட்டான். உடன்படிக்கைப்படி உடனே படையோட வாங்க!"

சபை கூடியது.

"அப்போ நமக்கும் அடி விழுந்தாச்சு மகாராஜா," என்றார் தளபதி சொக்கையன்.

"எங்கேய்யா?"

"இடது தொடையில."

ராஜா தொடையைத் தடவிப் பார்த்தார். "ஆமாய்யா, வலிக்குதே!"

ராஜா முதல் கடைசி வீரன்வரை எல்லாரும் இடது தொடையில் கட்டுப் போட்டுக்கொண்டார்கள்.

"இந்தக் காலோட சண்டைக்கு எப்படி வர்றது? நீங்களே சொல்லுங்க," என்று சொக்கையன் தூதரிடம் கேட்டார்.

தூதர் தலையில் அடித்துக்கொண்டார்.

"ஐயோ, தலையிலயுமா!" என்று அலறி எல்லாரும் தலைக்கும் கட்டுப் போட்டார்கள். தூதர் வந்த வழியே திரும்பிப் போய்விட்டார்.

வெள்ளிக்கிழமை கருங்கல்மேட்டுப் படை வந்தது. அதன் தளபதி மதில்மேல் நின்ற கட்டுத் தலைகளை அண்ணாந்து பார்த்தான்.

"உங்களை யார்டா அடிச்சது?"

"நீங்கதான்! புதன்கிழமையே அடிச்சாச்சு!"

நம் படையில் வேறு யாரோ முந்திக்கொண்டு ஜெயித்துவிட்டார்கள்போல என்று நினைத்து, அவன் படையைத் திருப்பிக்கொண்டு கிளம்பினான்.

கோட்டை தப்பியது. அத்தோடு விட்டார்களா?

"மகாராஜா, தோத்தவங்க கோட்டைச் சாவியைக் கொடுக்கணும்னு முறை இருக்கே! வாங்க மறந்துட்டுப் போறாங்க," என்றார் சொக்கையன்.

ராஜா பதறிப்போனார். எல்லாரும் வெளியே வந்து, திருடன் நுழைந்துவிடக் கூடாதே என்று கதவை நன்றாகப் பூட்டி, நொண்டிக்கொண்டே ஓடிப்போய்ச் சாவியைக் கொடுத்தார்கள். கருங்கல்மேட்டுத் தளபதி அதை வாங்கி இடுப்பில் செருகிக்கொண்டு குதிரையைத் தட்டிவிட்டான்.

திரும்பி வந்தால் கோட்டை பூட்டியிருந்தது. உள்ளே எவனோ புகுந்து பூட்டிக்கொண்டான் என்று ராஜாவுக்குப் பயங்கரக் கோபம். முற்றுகையிடச் சொல்லிவிட்டார். மூன்று நாள் சுற்றி நின்று "சரணடையுங்க!" என்று தொண்டை வறளக் கத்தினார்கள். உள்ளே ஈ காக்கை இல்லை. பதில் எங்கிருந்து வரும்?

"பயலுக பலே அழுத்தக்காரனுக," என்றார் சொக்கையன்.

நான்காம் நாள் ராஜா செம்மண்கோட்டைக்கு ஓலை விட்டார்: 'எங்கள் கோட்டையை முற்றுகையிட்டிருக்கிறார்கள். உடனே வரவும்.'

நாற்பது யானைகளோடு செம்மண்கோட்டை ராஜா வந்து இறங்கினார். சுற்றுமுற்றும் பார்த்தார். "யாருய்யா முற்றுகை போட்டது?"

மணிமுடிராயர் நெஞ்சை நிமிர்த்திச் சொன்னார்: "நாங்கதான். ஒருத்தனையும் விடாதீங்க!"