இடைவெளி நீக்கு

ரசலையன் வானொலி அறிவிப்பாளராகவே வாழ்ந்து ஓய்வு பெற்றவர். குரலுக்குப் பேர் போனவர். வீட்டில் சும்மா இருக்க முடியாமல், நாகர்கோவில் பக்கத்தில் ஒரு சின்ன சமுதாய வானொலியில் சேர்ந்து ஒலித்தொகுப்பு கற்றுக்கொள்ளத் தொடங்கினார்.

கற்றுக்கொடுத்தவள் ஷாகிதா. அவருடைய மகளைவிடச் சின்னவள். முதல் நாளே அவளை "டீச்சர்" என்று கூப்பிட்டார். விளையாட்டாக ஆரம்பித்தது, அப்படியே நிலைத்துவிட்டது.

தொகுப்பு மென்பொருளில் ஒரு கட்டளையைத் தேடி அவர் மெனு மெனுவாகத் திறந்து மூடுவதை அவள் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு மவுஸை ஒயரோடு பிடுங்கித் தன் பையில் போட்டுக்கொண்டாள்.

"இனி எப்படி வேலை செய்ய, டீச்சர்?"

"இந்த ரெண்டு கீயையும் சேர்த்து அழுத்துங்க."

அழுத்தினார். திரையின் நடுவில் ஒரு வெற்றுப் பெட்டி வந்து நின்றது.

"என்ன செய்யணுமோ அதோட பேரை எழுதி என்டர் தட்டுங்க. அது எந்த மெனுவுக்குள்ள கிடந்தாலும் வந்துடும்."

கட்டளைகளுக்கு அவளே தமிழில் பெயர் வைத்திருந்தாள். இரைச்சல் குறை. ஒலி உயர்த்து. இடைவெளி நீக்கு. ரசலையன் சட்டென்று பிடித்துக்கொண்டார். போகப் போக முழுப் பெயரும் தேவைப்படவில்லை. முதல் எழுத்துகளே போதுமாயிருந்தன. நினைப்பதற்குள் வேலை முடிந்துவிடுகிறது என்று மனைவியிடம் பெருமையாகச் சொன்னார்.

அந்தச் சமயத்தில் புயலில் ஆட்களை இழந்த குடும்பங்களைப் பற்றி ஒரு நிகழ்ச்சி வந்தது. ரசலையனே கடற்கரைக்குப் போய் பிரிஜித்தாளின் பேட்டியைப் பதிவு செய்து வந்தார். அவளுடைய கணவன் கடலிலிருந்து திரும்பவில்லை. ஒரே மகன் ஆன்றோ. பேட்டியின் கடைசியில் ரசலையன் கேட்டிருந்தார்:

"மகனையும் கடலுக்கு அனுப்புவீங்களாம்மா?"

"அனுப்புவேன்."

நிகழ்ச்சி, கொடுத்த நேரத்தைத் தாண்டி நீண்டது. ரசலையன் பெட்டியைத் திறந்தார். 'இடை' என்று எழுதினார். என்டர் தட்டினார். பேச்சுக்கு நடுவிலிருந்த சும்மா இடங்களெல்லாம் ஒரு நொடியில் மறைந்தன. நேரம் கச்சிதமாகப் பொருந்தியது.

"பாருங்க டீச்சர்! கையால வெட்டியிருந்தா சாயங்காலம் ஆகியிருக்கும்."

ஷாகிதா கடைசி வரை கேட்டாள். ஒலிக்கோப்பை அவருடைய போனில் ஏற்றிக் கொடுத்தாள்.

"அந்த அக்காகிட்ட போட்டுக் காட்டிட்டு வாங்க, சார்."

"நாளைக்கு ஒலிபரப்பாச்சே."

"பஸ் இருக்கு."

பிரிஜித்தாள் முற்றத்தில் கருவாட்டைப் புரட்டிப் போட்டுக்கொண்டிருந்தாள். ஆன்றோ வலையோடு உட்கார்ந்திருந்தான். ரசலையன் போனை நடுவில் வைத்தார். முதலில் அவருடைய முன்னுரை கம்பீரமாக ஒலித்தது. பிரிஜித்தாள் சிரித்தாள்.

"உங்க குரல் நல்லா இருக்கு, சார்."

பிறகு அந்தக் கேள்வி வந்தது. கேள்வி முடிந்த வேகத்திலேயே பதிலும் வந்தது. அனுப்புவேன்.

ஆன்றோவின் கை வலையில் நின்றது.

"உடனே சொல்லிட்டியே, அம்மா."

"நான் அப்படிச் சொல்லல்ல, மக்களே," என்றாள் மகனிடம்.

"உன் குரல்தானே?"

"குரல் என் குரல்தான்." அவள் ரசலையன் பக்கம் திரும்பினாள். "சார், நீங்க எதிர்ல இருந்தீங்களே. நான் இப்படியா சொன்னேன்?"

ரசலையனுக்கு அன்றைக்குப் பார்த்தது அப்படியே கண்ணுக்கு முன்னால் வந்தது. கேள்வியைக் கேட்டதும் அவள் வாசலைப் பார்த்தாள். வெளியே ஆன்றோ பைக் கழுவிக்கொண்டிருந்தான். அவள் பேச வாய் திறந்தாள், மூடிக்கொண்டாள். மறுபடியும் திறந்தாள். கேள்வி காதில் விழவில்லையோ என்றுகூட அவர் நினைத்தார். அதற்கெல்லாம் பிறகுதான் அந்தச் சொல் வந்தது.

"இல்லம்மா," என்றார். "அது நான் செஞ்சது."

ஆன்றோ வலையைத் தூக்கிக்கொண்டு வெளியே போய்விட்டான்.

திரும்பும்போது பஸ் கண்டக்டர் இரண்டு தடவை கேட்ட பிறகுதான் அவர் டிக்கெட் எடுத்தார்.

நிலையத்துக்கு வந்ததும், போட்ட கட்டளையை ரத்து செய்தார். நிகழ்ச்சி பழையபடி நீண்டது. இப்போது எங்கே வெட்டுவது? ஒவ்வொரு வரியாக ஓடவிட்டுப் பார்த்தார். கடைசியில் தன்னுடைய முன்னுரையில் கை வைத்தார். முதலில் ஒரு வாக்கியம் போனது. பிறகு இன்னொன்று. பெயரையும் ஊரையும் சொல்லும் இடம் மட்டும்தான் மிஞ்சியது. அப்படியும் போதவில்லை, பின்னணி இசையையும் எடுத்துவிட்டார்.

மறுநாள் பிரிஜித்தாளுக்குப் போன் செய்து, மகனையும் பக்கத்தில் உட்கார வைத்து வானொலி கேட்கச் சொன்னார். அவள் "சொல்லிப் பாக்கேன்" என்றாள்.

ஒலிபரப்புக்கு முன்னால் ஷாகிதா ஹெட்போனை மாட்டிக்கொண்டு முழுவதும் கேட்டாள். ரசலையன் பக்கத்தில் நின்றார்.

"டீச்சர், ஒண்ணு கேக்கணும்."

அவள் நிமிர்ந்தாள்.

"வெறும் இடைவெளி எது, ஆள் இருக்கிற இடைவெளி எதுன்னு பிரிச்சுக் காட்ட ஏதாவது கட்டளை இருக்கா? பேரைச் சொல்லுங்க. எழுதிப் பழகிக்கிறேன்."

ஷாகிதா ஹெட்போனைக் கழற்றி அவர் காதில் வைத்தாள். பதிவைப் பின்னால் நகர்த்தி, அந்தக் கேள்வி முடியும் இடத்திலிருந்து ஓடவிட்டாள்.

"கேளுங்க," என்றாள்.